உறைக்குள் வந்த மணல்

அன்பு மகள் இங்காவுக்கு,

நானும் அம்மாவும் தொழுவத்து மாடுகளும் சுகம். உன் சுகத்தை விசாரிக்கத்தான் பயமாக இருக்கிறது, இருந்தாலும் கேட்கிறேன், எப்படி இருக்கிறாய் அம்மா? தென்கிழக்குக் காற்று விடாமல் அடிக்கிறது, கிர்க்வால் துறைமுகத்திலிருந்து நம் தீவுக்குத் தபால் படகே வரவில்லை. உன் இதய ஆபரேஷனுக்கு முன்னால் இந்தக் கடிதம் நியூசிலாந்து வந்து சேருமா என்று தபாலாபீஸ் பெல்லாவைக் கேட்டால், "காத்துக்கிட்ட கேளு எர்லண்டு, இப்ப அதுதான் போஸ்ட்மாஸ்டர்" என்கிறாள். செவலைப் பசு கிடேரிக் கன்று போட்டிருக்கிறது. டாக்டர் சொல்வதைக் கேள், வீறாப்புக்காக வலியை மறைக்காதே.

இதைத் தொழுவத்தில் உட்கார்ந்து எழுதுகிறேன், அம்மாவுக்குத் தெரியக் கூடாது. என் போன கடிதத்து உறையைப் பிரித்ததும் கொஞ்சம் இளஞ்சிவப்பு மணல் கொட்டியது, கடற்கரையில் உட்கார்ந்தா எழுதினீர்கள் என்று கேட்டிருந்தாயே, அது மணல் இல்லை. அம்மா ராசி என்று வைத்திருந்த அந்தக் குட்டி குரோட்டிச் சோழி. எங்கள் கல்யாணத்தன்று காலையில் அலை ஒதுக்கிய இடத்தில் அவள் கண்டெடுத்தது, சுண்டுவிரல் நகத்தளவுதான், அன்றிலிருந்து அவள் பர்ஸை விட்டு வெளியே வராதது. "பஞ்சுல சுத்தி டப்பாவுல வச்சு அனுப்புய்யா, உன் அவசரத்த இதுலயும் காட்டாத" என்று சொல்லித்தான் கொடுத்தாள். இத்துனூண்டு சோழிக்கு டப்பா எதற்கு என்று நான்தான் அதைப் பற்றி ஒரு வரிகூட எழுதாமல் கடிதத்து மடிப்புக்குள் வைத்து ஒட்டிவிட்டேன். வழியில் எந்தத் தபால் முத்திரை இடித்துப் பொடியாக்கியதோ. உன் கடிதத்தை அவளுக்குப் படித்துக் காட்டியபோது அந்த வரியை விழுங்கிவிட்டேன். "சோழி புள்ள கைக்குப் போயிடுச்சாமா?" என்றாள். போய்விட்டதாம் என்றேன். அன்றைக்குத்தான் தூங்கினாள்.

வேறொன்று தேடி எடுத்துவிடலாம் என்று தண்ணீர் வற்றும்போதெல்லாம் கரையில் மண்டியிட்டுத் தவழ்கிறேன். பக்கத்துப் பண்ணை டாமோ கல்சுவருக்கு அந்தப் பக்கம் நின்று, "என்ன பெருசு, பல்செட்டு விழுந்துடுச்சா?" என்கிறான். சோழி, ராசி என்று அம்மா சொல்லும்போதெல்லாம் சிரித்தவன் நான், அவனிடம் என்ன சொல்ல? நேற்று பாறை இடுக்கில் ஒன்று அகப்பட்டது. கையில் எடுத்தால் உயிர் இருந்தது. ஓட்டின் மேல் மெல்லிய தோலை இழுத்துப் போர்த்திக்கொண்டு, இரண்டு கொம்பையும் நீட்டி என் உள்ளங்கையில் ஊர்ந்தது. கடல் தானாக ஒதுக்கிய காலிக் கூடுதான் ராசி, உயிரோடு பிடித்தது ஆகாது. ஆகும் என்றாலும், இந்த நேரத்தில் ஒரு உயிரை அதன் கூட்டிலிருந்து பிடுங்க எனக்கு மனசு வரவில்லை. விட்டுவிட்டு வெறுங்கையோடு வந்தேன். உன் பக்கத்தில் வந்து உட்காரவும் வழியில்லை, ஒரு சோழியை உருப்படியாக அனுப்பவும் துப்பில்லை, நான் என்ன அப்பன் என்றே தெரியவில்லை.

ஆண்டவர் உன் படுக்கையருகே இருப்பார், எங்களால் முடியாததை அவர் பார்த்துக்கொள்ளட்டும். மயக்கம் தெளிந்ததும் ஒரு வரி போடு. அம்மா கேட்டால் சோழி பத்திரமாக இருக்கிறது என்று எழுது. அந்த மணலைக் கொட்டிவிட்டாயா? மேஜை இடுக்கில் துளி ஒட்டியிருந்தாலும் வழித்தெடுத்து, காகிதத்தில் மடித்து உன் தலையணைக்கு அடியில் வைத்துக்கொள் அம்மா.

உன் அப்பா,
எர்லண்ட்