முருகனுக்கு வைத்திருந்த தேங்காய்

நவம்பர் 12, செவ்வாய்

பின்னேரம் முன் ஜன்னலை உடைத்துக்கொண்டு செங்கல் வந்து விழுந்தது. மகள் சட்டத்தரணி. வெள்ளையரை ஒரு கட்டிடத்திலும் எங்களைப் போன்றவர்களை இன்னொன்றிலும் குடிவைக்கும் வாடகைக் கம்பனிக்கு எதிராக நாளைக்கு வாதாடுகிறாள். கண்ணாடி வெட்டி அவள் நெற்றியால் இரத்தம் வழிந்தது. எனக்கு விசர் ஏறியது. அவள் வெல்லவேண்டுமென்று ஆர்ச்வே கோயில் முருகனுக்கு நேர்ந்து வைத்திருந்த தேங்காயைத் தூக்கிக்கொண்டு வெளியே ஓடி, எறிந்தவனின் தலைக்கு எறிந்தேன். எங்கள் காரின் கண்ணாடிதான் நொறுங்கியது. அவன் சிரித்துக்கொண்டு ஓடினான்.

"அப்பா, அவனில பட்டிருந்தா நாளைக்கு நான் உங்களுக்கெல்லோ வாதாடவேணும்," என்றாள் மகள், துவாயால் நெற்றியை அமர்த்தியபடி.

"நாளைக்குப் போகாதை பிள்ளை."

"போறன். கார்தான் இல்லை, பஸ் இருக்கு."

குறி தவறியதற்கு முருகனுக்கு நன்றி சொல்லவேண்டும். இன்னும் மனம் வரவில்லை.