சுகந்தியின் படத்துக்கு மாலை

வெள்ளிக்கிழமை, இரவு. கொடைக்கானல்.

எழுத வேண்டியவை:
1. சுகந்தி கேட்ட புகைப்படம்.
2. மன்னவனூர் படப்பிடிப்பு.
3. அவள் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

சினிமாவில் தோழி, அண்ணி என்றே நடித்துவரும் என் மகள் காலையில் போன் செய்தாள். அழகிப் போட்டியில் வென்ற அன்று பட்டுப்புடவையில் எடுத்த படத்தைப் படப்பிடிப்புக்குக் கொண்டுவரச் சொன்னாள். இம்முறை அவளுக்குக் கதாநாயகனின் அம்மா வேடம். படத்தைச் சுவரிலிருந்து கழற்றித் துண்டில் சுற்றி எடுத்துப்போனேன்.

அங்கே உதவி இயக்குநர் அதை வாங்கி மாட்டினார். கண்ணாடியில் குங்குமம் வைத்து மாலையும் போட்டார். அம்மா உயிரோடு வரும் காட்சிகளை நீக்கிவிட்டார்களாம். இனிப் படம் மட்டும் போதுமாம். உயிரோடு இருப்பவளுக்கு மாலையா என்று கேட்க நினைத்தேன். கையிலிருந்த துண்டை மடித்தேன்.

"அக்கா, உங்க போட்டோ ஒரே டேக்ல ஓகேக்கா!" என்றார் அவர் சுகந்தியிடம்.

"நான் நடிச்சா மட்டும் நாலு டேக் கேப்பீங்களே!" என்று சுகந்தி சிரித்தாள். என்னிடம், "வசனம் மறக்குற சோலியே இல்லப்பா," என்றாள். அந்தச் சிரிப்பை நம்பித்தான் மூன்றாவதை எழுதினேன்.

திரும்பும்போது ஜீப்பில் படத்தை மடியில் வைத்துத் துப்பட்டாவால் குங்குமத்தைத் துடைத்தாள். பூம்பாறை வருவதற்குள் கண்ணாடி சுத்தமாகிவிட்டது. ஏரி வரும்வரை துடைத்துக்கொண்டே இருந்தாள்.

"பழைய இடத்துலயே மாட்டட்டுமாம்மா?"

"வேணாம்ப்பா."

மூன்றாவதாக எழுதியது தவறு.