வளையம் போட்ட விலாங்கு

1956 பிப்ரவரி 9
மாமல்லபுரம். காலை ஏழு மணி, நீர் வற்றியிருந்தது. பாறைகளுக்கு நடுவிலுள்ள மணலில் மறுபடியும் அந்தப் பாம்பு விலாங்கு மீன். வெள்ளை உடல், கறுப்பு வளையங்கள். அசல் கடல்பாம்பு போலத்தான். ஆனால் விஷமில்லை. கடல்பாம்பின் வால் துடுப்புப் போலத் தட்டை, இதற்குக் கூர்மை. வாலாலேயே மணலைத் துளைத்துப் பின்பக்கமாகப் புதைந்துவிடுகிறது. பள்ளிக்கூட வேலையை விட்டு வந்த மூன்று வருஷத்தில் இது இருபத்திரண்டாவது. குறித்து வைப்பதைத் தவிர வேறென்ன செய்கிறேன்?

பிப்ரவரி 17
முழங்கால் வலி. போகவில்லை.

பிப்ரவரி 21
வரிசையாக எழுதவேண்டும்.
எட்டு மணிக்குக் கரையில் கூச்சல். வலையைப் பிரித்துக்கொண்டிருந்த காசியம்மாளின் விரலை வளையம் போட்ட ஏதோ ஒன்று கடித்துவிட்டது. அவள் புருஷன் எல்லப்பன் அதன் தலையைக் கல்லால் நசுக்கிவிட்டு, அவள் மணிக்கட்டில் வலைக்கயிற்றை இறுக்கிக் கட்டியிருந்தான்.
"வாத்தியாரே, நீ படிச்சவன். இது இன்னா பாம்பு, சொல்லு."
வாலைப் பார்த்தேன். கூர்மை. விலாங்குதான். கயிற்றை அவிழ் என்று சொல்லவேண்டியதுதான். அவிழ்த்தபின் அவள் செத்துவிட்டால்?
"செங்கல்பட்டுல என் பழைய வீட்டில் புத்தகம் இருக்கு. பார்த்துட்டு வந்துடறேன்."
"அதுவரிக்கும் கட்டு இருக்கட்டுமா?"
"இருக்கட்டும்."
பஸ்ஸில் போனேன். புத்தகத்தில் நான் அறிந்ததுதான் இருந்தது. திரும்பும்போது மணி இரண்டு. நானே அவிழ்த்தேன். ரத்தம் ஓடாமல் விரல்கள் கறுத்திருந்தன.

பிப்ரவரி 24
ஆஸ்பத்திரியில் இரண்டு விரல்களை எடுத்துவிட்டார்களாம்.

மார்ச் 2
அவளையும் அதே பஸ்ஸில் ஏற்றி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோயிருக்கலாமே — அதுகூடத் தோணலையே எனக்கு. எதுக்குப் படிச்சேன்?

ஏப்ரல் 11
இன்றுதான் கரைக்குப் போகத் துணிந்தேன். காசியம்மாள் அந்தக் கையில் மிச்சமிருக்கும் மூன்று விரல்களால் மீனைக் கூறு போட்டுக்கொண்டிருந்தாள். என்னைக் கண்டதும் பக்கத்திலிருந்தவளிடம் உரக்கச் சொன்னாள்:
"தோ, இவருதான் என் உசிரக் காப்பாத்துனவரு. எனக்கோசரம் பஸ்ஸு ஏறிப் போயி, புக்கு பாத்துகினு வந்தாரு!"
'அது விஷமில்லாத விலாங்குன்னு பார்த்தவுடனே எனக்குத் தெரியும் காசியம்மா' என்று சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் நாலு மீனை ஓலையில் சுற்றி நீட்டினாள்.
"நீ சைவம், துன்ன மாட்டேன்னு தெரியும் வாத்தியாரே. பூனைக்காவது போடு."
இரண்டு கைகளாலும் வாங்கிக்கொண்டேன்.