குறையில்லாதவன்

என் வாழ்க்கைத் துணைக்கு,

நீ கோபித்துக்கொண்டு மகள் வீட்டுக்குப் போய் இருபது நாள் ஆயிற்று. நான் சொன்னதில் என்ன பிழை? குறையே இல்லாத ஒருவனை மனம் எண்ணுகிறது. இல்லாமை ஒரு குறை. ஆகவே இறைவன் இருந்தே தீரவேண்டும். சம்பந்தியிடம் இதை நான் சொல்லி முடிப்பதற்குள், “குறையே இல்லாத புருஷனைக்கூடத்தான் நாப்பது வருஷமா நினைச்சுப் பாக்குறேன். எங்க வந்தான்?” என்றாய். அவர் விழுந்து விழுந்து சிரித்தார். இந்த வாதம் பரம்பொருளுக்கே பொருந்தும், புருஷனுக்கு அன்று! எத்தனை முறை சொல்வது?

“வாயை மூடு” என்று அவர் எதிரில் அதட்டியது தவறுதான்.

மூன்று மாதமாக நீ சொல்லிவந்த சமையலறைக் குழாயை நேற்று ஆள் வைத்துச் சரிசெய்தேன். இப்போது அது சொட்டும் ஓசைகூட இல்லை. பதிகம் ஓதும் என் குரல் மட்டும் எனக்கே கேட்கிறது. இல்லாமை குறைதான். ஆனால் அது இல்லாதவருக்கு அன்று, இருப்பவனுக்கே.

வந்துவிடு.

இப்படிக்கு,
குறைகளோடு இருக்கிறவன்