அரிசி போடாத கஞ்சி

அன்பும் அதைவிட ஒரு கரண்டி கூடுதலாக ஆத்திரமும் கொண்டு, மச்சானுக்கு,

முதலில் துஆ. அல்லாஹ் உங்கள் கப்ரை விசாலமாக்கட்டும். துஆ முடிந்தது, இனி திட்டு.

உங்களை அடக்கம் செய்த பிறகு வந்த முதல் ரமளான் இது. கலிஃபோர்னியாவில் நம் ஃப்ரீமான்ட் அப்படியேதான் இருக்கிறது. ஆபீஸில் அரிசி, ரொட்டியை ஒதுக்கும் லோ-கார்ப் பைத்தியம் இன்னும் தெளியவில்லை. பர்கரிலிருந்து பன்னைப் பிரித்துக் குப்பையில் போட்டுவிட்டு, பெரிய தவம் செய்த முகத்தோடு மீட்டிங்குக்கு வருகிறார்கள். அந்தக் கூட்டத்துக்கு நம் ஜமாஅத்தின் பிரதிநிதி நீங்கள்தானே?

சர்க்கரை ஏறிப்போய், டாக்டர் அரிசியை நிறுத்தச் சொன்னதும் நோன்புக் கஞ்சியிலேயே கை வைத்தீர்கள். அரிசிக்குப் பதில் துருவிய காலிஃப்ளவர். பாசிப்பருப்பு கிடையாது. கொத்துக்கறி, தேங்காய்ப்பால், கூடவே கறிக்கடை மொரோக்கோக்காரர் கொடுத்த ரஸ் எல் ஹனூத். சீரகம், பட்டை, சுக்கு, காய்ந்த ரோஜா இதழ் எல்லாம் சேர்த்து இடித்த அவர்கள் ஊர் மசாலா.

"கஞ்சியில ரோஜாப்பூவா? கல்யாணத்துக்கா போறோம்?" என்று கேட்டேன்.

"நாக்கு செத்தவனே, குடிச்சுப் பாருடா" என்றீர்கள்.

வீட்டில் நீங்கள் வைத்தது கரண்டியில் நிற்காமல் ஓடும். வெள்ளிக்கிழமைகளில் பள்ளிவாசலில் எல்லோருக்கும் வைத்தது மட்டும் கெட்டியாக, நெஞ்சுக்கு இதமாக இறங்கும். பெரிய பானையின் பக்குவம் என்பீர்கள். நாங்களும் தலையாட்டினோம்.

அக்காவுக்கும் இப்போது சர்க்கரை. நோன்பு வேண்டாம் என்று டாக்டர் சொல்லிவிட்டார். அரிசியைத் தொட்டு ஆறு மாதமாகிறது. "பள்ளிவாசல்ல அவர் வைக்கிற மாதிரி கஞ்சி ஒரு கிண்ணம் கிடைச்சா போதும்டா" என்றாள். அவளுக்காகத்தான் போன வெள்ளிக்கிழமை பள்ளிவாசல் சமையலறையில் நான் கரண்டியைப் பிடித்தேன். பத்து காலிஃப்ளவர் துருவியதில் விரல் நுனி போய்விட்டது.

"அரிசி இல்லாததெல்லாம் கஞ்சியா, கழனித்தண்ணியா?" என்று உங்களைக் கேலி செய்த அதே பெருமக்கள் வரிசையில் வந்து வாசம் பிடித்தார்கள். செத்தவனைப் புகழ நம் ஆட்களுக்குச் சொல்லித்தர வேண்டுமா? "ஹெல்த்துக்காகவே வாழ்ந்த மனுஷன்" என்றார் ஒருவர். ஒரு தட்டு சமோசாவை யாருக்கும் கொடுக்காமல் தன் பக்கம் இழுத்து வைத்திருந்தார். இவர்கள் சாட்சி சொல்லியா நீங்கள் சொர்க்கம் போகவேண்டும்?

பாங்கு சொன்னதும் பேரீச்சம்பழம் தின்றுவிட்டுக் கஞ்சியைக் குடித்தேன். கெட்டியாக, இதமாக இறங்கியது. எனக்கே பெருமையாக இருந்தது. பிறகு நாக்கில் ஒரு பருக்கை தட்டுப்பட்டது. ஒன்றல்ல, வாய் நிறைய.

பக்கத்தில் ஹமீது பாய் சிரித்துக்கொண்டிருந்தார். எல்லோர் பானையிலும் கரண்டியை விடுகிற நம் ஹமீது பாய்தான்.

"நீங்க அக்காவ பிக்அப் பண்ணப் போனீங்கள்ல தம்பி, அப்பப் பார்த்தேன். தண்ணியா கெடந்துச்சு. நாலு கப் பொன்னி அரிசியக் குழைய வேகவச்சுக் கலந்துட்டேன்."

"யாரைக் கேட்டுப் போட்டீங்க?"

"யாரைக் கேக்கணும்? உங்க மச்சான் வாரா வாரம் என்னைத்தானே போடச் சொல்வாரு! 'வீட்டுல சொல்லிராதீங்க பாய்'னுட்டு ரெண்டு கிண்ணம் குடிப்பாரு."

மச்சான், அந்த இடத்திலேயே உங்களைத் திட்டினேன், நோன்பு திறந்த வாயால். ஊருக்குத்தான் உபதேசம், உங்களுக்குப் பொன்னி அரிசியா? கால் விரல் கறுத்தபோது டாக்டர் முன்னால் உட்கார்ந்து, "நான் அரிசியே தொடுறதில்ல சார்" என்றீர்களே, நாக்கு கூசவில்லையா? அவர் உங்களை நம்பி மாத்திரையை மாற்றி மாற்றிக் கொடுத்துக்கொண்டிருந்தார்.

பெண்கள் பக்கம் ஓடினேன். அக்காவின் கிண்ணத்தில் பாதி தீர்ந்திருந்தது. பிடுங்கினேன். சேலையெல்லாம் சிந்தியது.

"அரிசி போட்டிருக்காங்க அக்கா!"

அவள் முந்தானையைத் துடைத்துக்கொண்டாள். "வாயில வச்சதுமே தெரிஞ்சிச்சு. ஆனா அவர் வச்ச மாதிரியே இருந்துச்சுடா. நிறுத்த முடியல." பிறகு, "நமக்கு அப்பவே தெரிஞ்சிருக்கணும்ல?" என்றாள்.

எனக்குத் தெரியும் மச்சான். போன ரமளானிலும் பருக்கை தட்டுப்பட்டது. காலிஃப்ளவர் தண்டு என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு இன்னொரு கிண்ணம் வாங்கினேன். வீட்டுக் கஞ்சி எனக்கும் பிடிக்கவில்லை, கேட்டால் பள்ளிவாசல் கஞ்சியும் போய்விடுமே என்று வாயை மூடிக்கொண்டேன். இத்தனை பேரைத் திட்டியது மல்லாந்து படுத்துக்கொண்டு காறித் துப்பிய கதைதான்.

வரும் வெள்ளிக்கிழமையும் நான்தான் சமைக்கிறேன். அக்காவை வேறு யாராவது அழைத்து வரட்டும், நான் பானையை விட்டு நகரமாட்டேன். கஞ்சி தண்ணியாகத்தான் இருக்கும். ஒருவருக்கும் பிடிக்காது. "அவர் வச்ச மாதிரி இல்லடா" என்பாள் அக்கா. இருக்காது மச்சான். இருக்க விடமாட்டேன்.

இப்படிக்கு,
உங்களோடு சேர்ந்து குடித்த மச்சினன்,
ஜாகிர்