மெய்யாற்றில் அப்பா

அன்பு மகள் ரக்ஷனாவுக்கு அம்மா எழுதுவது. நானும் அப்பாவும் சுகம். ஹெல்சிங்கியில் மைனஸ் பதினாறு என்று என் போன் காட்டுகிறது, அந்தக் குளிரில் நீ எப்படி இருக்கிறாய் என்று மட்டும் காட்ட மாட்டேன் என்கிறது, ஆகவே நீயே எழுது. கடிதமா என்று பதறாதே, இங்கே யாருக்கும் ஒன்றுமில்லை. எதிர்வீட்டு முகைதீன் பாய்க்குத்தான் ஏதோ ஆகிவிட்டதென்று போன சனிக்கிழமை நம் அடுக்குமாடி புளோக்கே கூடிவிட்டது, அதற்கும் நீதான் காரணம்.

நீ உருவாக்கிய புதுப் பலகை விளையாட்டு, கடைக்கு வருமுன் விளையாடிப் பார்த்துக் குறை சொல்லுங்கள் என்று நீ அனுப்பிய பெட்டி செவ்வாய்க்கிழமை வந்தது. வரைபடத்தை விரித்தால் நான்கு மந்திர ஆறு, நான்கும் ஆளை விழுங்கும், தப்பினவனைக் கடைசியில் சுழிவாய் என்கிற பெரிய நீர்ச்சுழி விழுங்கும், இதையெல்லாம் யோசித்துக்கொண்டா அங்கே தனியாகத் தூங்குகிறாய்? அப்பா முப்பத்து நான்கு வருடம் கால்வாய்களைச் சோதித்தவர் அல்லவா, கண்ணாடியை மாட்டிக்கொண்டு குனிந்தார். "இந்தப் பின்னோடி ஆறு மலைமேல ஏறுது, மழை பேஞ்சா தண்ணி எங்க போவும்?" என்றார். மந்திர ஆறு, அப்படித்தான் போகும் என்றேன். "மந்திரமா இருந்தாலும் வடிகால் வேணும்லா" என்று சொல்லிவிட்டுப் பேப்பர் படிக்கப் போய்விட்டார்.

சனிக்கிழமை மதியம் நான்தான் அவரையும் பாயையும் இழுத்துக்கொண்டு போய் புளோக் கீழே கல்மேசையில் உட்கார வைத்தேன். இதைச் செய்தது நீ என்று பாயிடம் நாங்கள் சொல்லவில்லை. உன் மனசு நோகும், ஆனாலும் சொல்கிறேன், நீ இங்கே இருந்த வேலையை விட்டுவிட்டு விளையாட்டு செய்யப் போன மூன்று வருடமாக, மகள் பின்லாந்தில் தண்ணீர் இன்ஜினியர் என்றுதான் அப்பா எல்லாரிடமும் சொல்லி வைத்திருக்கிறார். நானும் வாயை மூடிக்கொண்டிருந்தேன்.

நாலாவது சுற்றிலேயே பாய் மறதியாற்றில் விழுந்தார். அதில் விழுந்தவர் ஒரு சுற்று முடியும்வரை தன் பெயர், வீடு, உறவு எதுவும் தெரியாதவராக இருக்க வேண்டும் என்று நீதானே விதி எழுதினாய்? பாய் விதி என்றால் விதி என்கிற மனிதர். அந்த நேரம் பார்த்து அவர் மனைவி ஜரீனா தேக்கா சந்தையில் மீன் வாங்கிக்கொண்டு வந்தாள். "என்னங்க, சக்கரை மருந்து போட்டீங்களா, சாப்பிட வரலையா?" என்று கேட்டாள். பாய் அவளை மேலும் கீழும் பார்த்து, "நீங்க யாரும்மா?" என்றார். மீன் பை கீழே விழுந்தது. சக்கரை இறங்கிப்போச்சு என்று அலறிக்கொண்டு கோப்பிக் கடைக்கு ஓடி இனிப்பான தே ஒரு குவளை வாங்கி வந்து அவர் வாயில் ஊற்றுகிறாள், அவர் மறுக்கவும் முடியாமல் விழுங்கவும் முடியாமல் முழிக்கிறார், உன் அப்பா என்னவென்றால் இன்னும் சுற்று முடியவில்லை என்று அவருக்குச் சைகை காட்டுகிறார்! யாரோ ஒரு பிள்ளை ஆம்புலன்சுக்கு 995 அழைக்கப் போனை எடுத்துவிட்டது. நான்தான் கத்தி விஷயத்தைச் சொன்னேன். ஜரீனா பாயின் முதுகில் ஒன்று வைத்தாள். பிறகு என்ன நினைத்தாளோ, "இவ்ளோ நடந்துருச்சு, கரை சேந்துட்டுத்தான் சோறு" என்று அவளும் எங்கள் ஆட்டப் படகில் ஏறி உட்கார்ந்துவிட்டாள்.

கடைசியில் நாங்கள் நால்வரும் ஒரே படகில் மெய்யாற்றுக்கு வந்தோம். அடுத்த கட்டம் கரை. ஆனால் பகடையை உருட்டுகிறவர் அங்கே இருக்கிற யாருக்கும் தெரியாத ஓர் உண்மையைச் சொல்ல வேண்டும், இல்லாவிட்டால் படகோடு எல்லாரும் சுழிவாய்க்குள். உருட்டும் முறை அப்பாவுக்கு. என் சாம்பார் தனக்குப் பிடிக்காது என்றார். "அது இந்த மாடிக்கே தெரியும்லா, வேற சொல்லு" என்றார் பாய். அப்பா வரைபடத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, "இதைப் பண்ணது ரக்ஷனாதான். அவ இன்ஜினியர் இல்ல" என்றார். ஜரீனா வாயைப் பிளந்தாள். எனக்குத் தெரியுமே, ஆகவே அதுவும் செல்லாது என்று சொல்ல எனக்கு மனசு வரவில்லை. அவரே சொல்லிவிட்டார், "வைதேகிக்குத் தெரியும், செல்லாது" என்று. அப்புறம், "மொத வருஷம் அவ தோத்துப் போவணும்னு நெனச்சேன். தோத்தா வீட்டுக்கு வந்துடுவால்ல" என்றார்.

எனக்கும் அது தெரியாதம்மா. ஒரே படுக்கையில் படுத்துக்கொண்டு மூன்று வருடம் எனக்குத் தெரியாது. பாய்தான் படகைக் கரைக்குத் தள்ளினார். "அப்ப எனக்கு இந்தத் தேயை ஊத்த வெச்சது நம்ம ரக்ஷனாவா? வரட்டும், கேக்குறேன்" என்றார். அப்பா சிரித்தார், ஆனால் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே இருந்தார்.

இதை உனக்குச் சொல்லட்டுமா என்று கேட்டேன். "போன்ல சொல்லாதே, அவ உடனே ஏதாவது பதில் சொல்ல வேண்டியிருக்கும். எழுது" என்றார். அதனால்தான் கடிதம். கோபம் வந்தால் கோபப்படு, நியாயம்தான், ஆனால் சொல்லி வைத்த பொய்யை அவரே வாய்விட்டு உடைத்ததையும் நினைத்துப் பார். ஞாயிறு முழுக்க உட்கார்ந்து உன் ஆறுகளின் குறைகளைப் பதினொரு குறிப்பாக எழுதியிருக்கிறார், இதோடு வைத்திருக்கிறேன். மூன்றாவது, வடிகால் பற்றிய குறிப்பில் மட்டும் அவரோடு வாதாடாதே, ஜெயிக்க முடியாது.

தலைக்கு எண்ணெய் வை, காதை மூடாமல் வெளியே போகாதே, ரொட்டியையே தின்றுகொண்டிராமல் சோறு வடி. நீ தொட்டதெல்லாம் துலங்கட்டும், எந்த ஆற்றிலும் உன் படகு கவிழாமல் இருக்கட்டும். ஒன்று மறந்துவிட்டேன், நேற்று அப்பா பாஸ்போர்ட் புதுப்பிக்கப் படம் எடுத்துக்கொண்டு வந்தார். எங்கே போக என்று நான் கேட்கவில்லை. உங்கள் ஊரில் ஆறு உறைந்தால் அதன்மேல் ஆள் நடக்கலாமா, பனி எத்தனை அங்குலம் இருக்க வேண்டும் என்று, நான் கேட்பது போலக் கேட்டு எழுதச் சொன்னார். பதிலை எனக்கு எழுதாதே, அவர் பெயருக்கே எழுது.

உன் அம்மா,
வைதேகி தனசேகரன்
குவீன்ஸ்டவுன்