அல்லிராஜ்யத்து வாசலில் நிற்காத ரதம்

அக்கா,

போன புதன்கிழமை மத்தியானம் தஞ்சோங் கிளிங்கில் ஓட்டல் வேனைக் கழுவிக்கொண்டிருந்தபோது சட்டைப்பையில் போன் அதிர்ந்தது. கையைத் துடைத்துக்கொண்டு எடுத்துப் பார்த்தால், உன் மூத்த மகள் கோமதி என்னை ஒரு வாட்சப் குழுவில் சேர்த்திருந்தாள். குழுவின் பெயர் ‘அல்லிராஜ்யம்’.

வேன் படியிலேயே உட்கார்ந்துவிட்டேன். குத்திக்காட்டுகிறாளா இந்தப் பெண் என்று கோபம்தான் வந்தது. எனக்கு முதலில் வருவது எப்போதும் அதுதான், உனக்குத் தெரியாததா? உடனே கூப்பிட்டுக் கத்தினேன். நான் கத்தி முடிக்கும்வரை காத்திருந்துவிட்டு, “நாங்க வைக்கல மாமா. அம்மா வச்ச பேரு அது,” என்றாள். நீயும் உன் மூன்று பெண்களும் மட்டும் பேசிக்கொண்ட குழுவாம். நாலைந்து வருடமாக அதே பெயர்தானாம். நீ போய் எட்டு மாதமாகிறது; இப்போதுதான் எனக்குத் தெரிகிறது.

நீயா வைத்தாய்? அந்தச் சொல்லையா?

பெண் ஆளும் நாடு, அவ்வளவுதான் அதற்குப் பொருள். சொல்லில் ஒரு குறையும் கிடையாது. நம் நியாலாஸ் ரப்பர்த் தோட்டத்து வாயில் விழுந்த பிறகுதான் அது கெட்டுப்போனது. பிரட்டுக்களத்தில் காலையில் பெயர் கூப்பிடும் நேரம் நாலு பெண்கள் சேர்ந்து சிரித்துவிட்டால் இங்கே என்ன அல்லிராஜ்யமா நடக்கிறது என்பார்கள். ஒருத்தன் பெண்டாட்டி பேச்சைக் கேட்டுக் குடிக்காமல் வீட்டுக்குப் போனால் அவன் வீட்டில் அல்லிராஜ்யம் என்பார்கள். குழம்பில் உப்புக் கூடினாலும் அதே சொல்தான். அதை நல்ல அர்த்தத்தில் ஒரு ஆண் சொல்லி நான் கேட்டதே இல்லை. நானும் சொன்னதில்லை.

உன் வீட்டுக்கு அந்தப் பெயரை வைத்தவன் நான்தான். உன் வீட்டுக்காரர் சிங்கப்பூருக்கு வேலைக்குப் போய் ஐந்து வருடமாகியிருந்தது. ஆளும் இல்லை, கடுதாசியும் இல்லை. லயத்து வரிசை வீடுகளில் ஒன்றில் நீ, உன் மாமியார், மூன்று சின்னப் பெண்கள். நான் ஓட்டிய தோட்டத்து டிராக்டரை நிறுத்திவிட்டு சாயங்காலத் தேநீருக்கு வரும்போது வாசலில் நின்று, “அல்லிராஜ்யத்துக்குள்ள வரலாமா?” என்று கத்துவேன். உன் மாமியார் பொக்கை வாயைத் திறந்து சிரிப்பார். நீயும் சிரித்தாய். அதனால் அதில் தப்பு இல்லை என்று நினைத்துக்கொண்டேன்.

அந்த வருடத் திருவிழாவுக்குத்தான் கோயில் தலைவர் என்னைப் பட்டியல் எழுதச் சொன்னார். நம் வழக்கம் உனக்குச் சொல்ல வேண்டியதில்லை. கல்யாணமான ஆண் ஒருவனுக்கு ஒரு தலைக்கட்டு. மாரியம்மன் ரதம் லயங்களைச் சுற்றி வரும்போது தலைக்கட்டு உள்ள வாசலில் மட்டும் நிற்கும்; அந்த வீட்டுத் தட்டை மட்டும் பூசாரி வாங்கி அர்ச்சனை செய்வார். என் கையெழுத்து நன்றாக இருக்கும், ரதத்தை இழுப்பதும் என் டிராக்டர்தான், அதனால் எந்தெந்த வாசல் என்று என்னையே எழுதச் சொன்னார். உன் வீட்டு வரிசை வந்தது. ஊரில் இல்லாதவன் தலைக்கட்டு ஆகமாட்டான் என்று தலைவர் முன்பே சொல்லியிருந்தார். உன் வீட்டுக்காரர் பெயரை எழுத முடியாது. என்ன எழுதுவது? என் கொழுப்பு, ‘அல்லிராஜ்யம்’ என்று எழுதினேன். தலைவர் பார்த்துச் சிரிப்பார், பிறகு உன் மாமியார் பெயரையோ உன் பெயரையோ போடச் சொல்லுவார் என்று நினைத்தேன்.

அவர் அதைக் கூட்டத்தில் உரக்க வாசித்தார். கோயில் முன்னால் உட்கார்ந்திருந்த அத்தனை ஆண்களும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன், அக்கா. சிரிப்பு அடங்குவதற்குள் தலைவர் சொன்னார்: “ராஜ்யத்துக்கு எதுக்கு நம்ம ரதம்? அவங்களே ஒண்ணு ஓட்டிக்கட்டும்.” பேனாவை எடுத்து அந்த வரியை அடித்தார். நான் வாயைத் திறந்து ஒரு வார்த்தை பேசியிருக்கலாம். அடுத்த பெயரை நீயே வாசி என்று பட்டியலை என்னிடம் நீட்டினார், வாசித்தேன்.

அதை உன்னிடம் சொல்லவும் தைரியம் வரவில்லை. ரதத்தன்று பொழுது சாயும் நேரம் உன் லயத்துக்குள் டிராக்டரைத் திருப்பினேன். வாசலில் தண்ணீர் தெளித்துப் பெரிய கோலம் போட்டிருந்தாய். தேங்காய் பழத் தட்டில் சூடம் எரிந்துகொண்டிருந்தது. பெண்கள் மூன்று பேரும் புதுப் பாவாடையில் வரிசையாக நின்றார்கள். தலைவர் மட்கார்டில் உட்கார்ந்துகொண்டு என் தோளைத் தட்டி, “போ, போ,” என்றார். அவர்தான் வேலையில் என்னை மேற்பார்க்கும் தண்டலும்கூட. வேலை போய்விடும் என்று பயந்து ஓட்டினேன் என்று என் பெண்டாட்டியிடம் பல வருடம் சொல்லிக்கொண்டிருந்தேன். பொய். எல்லோரும் பார்த்துச் சிரிப்பார்களே என்றுதான் பயந்தேன். கியரை மாற்றினேன். ஒன்பது வயது கோமதி பத்தடி பின்னால் ஓடி வந்து, “மாமா, எங்க வீடு, எங்க வீடு,” என்றாள். நான் திரும்பிப் பார்க்கவில்லை.

மறுநாள் சோறு போட்டாய். வழக்கம்போல முதலில் எனக்கு ரசம் ஊற்றினாய். விளையாட்டுக்கு எழுதினேன் என்று நானே ஆரம்பித்தேன். நீ கரண்டியைக் கீழே வைக்காமலேயே பேசினாய்.

“நீ விளையாட்டுக்குத்தான் எழுதுன, தெரியும். அவங்க விளையாட்டுக்கு அடிக்கல. ஆம்பள ஆண்டா அதுக்குப் பேரு வீடுதானே? பொம்பள ஆண்டா மட்டும் என்னாத்துக்குத் தனியா ஒரு பேரு?”

தட்டைக் காலி செய்துவிட்டு டிராக்டருக்குப் போனேன்.

அடுத்த இரண்டு வருடமும் ரதம் உன் வாசலில் நிற்கவில்லை. இரண்டு வருடமும் நீ கோலம் போட்டுத் தட்டோடு நின்றாய். உள்ளே போய் உட்கார்ந்துகொள்ளக் கூடாதா என்று எனக்கு உன் மேல்தான் ஆத்திரமாக வரும். பக்கத்து வீட்டுப் பெண்கள் தங்கள் தட்டை நீட்டிக்கொண்டே உன்னைப் பார்ப்பார்கள். நீ யாரையும் பார்க்கமாட்டாய்.

நாலாவது வருடம் நான் ஒரு பெரிய காரியம் செய்வதாக நினைத்துக்கொண்டு தலைவரிடம் போனேன். தாய்மாமன் நான் இருக்கிறேன், அக்கா வீட்டுக்கு என் பெயரைப் போடுங்கள் என்றேன். அவர் உடனே ஒத்துக்கொண்டார். உன்னிடம் சொல்லவில்லை, திடீரென்று நிறுத்தினால் சந்தோஷப்படுவாய் என்று நினைத்தேன். உன் வாசலில் பிரேக்கை மிதித்தேன். மேளம் நின்றது. பூசாரி தட்டுக்குக் கை நீட்டினார். நீ என்னை நேராகப் பார்த்தாய்.

“யாரு பேருல நிறுத்துன?”

“என் பேருலதான் அக்கா.”

நீ தட்டைக் கொடுக்கவில்லை. பெண்களை உள்ளே அனுப்பிவிட்டு, நீயும் போய்க் கதவைச் சாத்தினாய். ரதம் வெளியே நிற்கிறது, நூறு பேர் நிற்கிறார்கள், உன் வீட்டுக் கதவு சாத்தியிருக்கிறது. சாமி முகத்தில் கதவைச் சாத்தியவள் என்று அன்றைக்கே பெயர் வைத்துவிட்டார்கள். தோட்டத்தில் யாருக்குக் காய்ச்சல் வந்தாலும் அந்த வருடம் முழுவதும் உன்னைத்தான் சொன்னார்கள். மறுநாள் விடியற்காலையில் நீ தனியாகக் கோயிலுக்குப் போய்த் தேங்காய் உடைத்ததை நான் மட்டும் பார்த்தேன். வழியில் மறித்து, ஏன் இப்படிச் செய்தாய் என்று கேட்டேன். “ஆத்தாகிட்ட மன்னிப்புக் கேட்டுட்டேன். உன்கிட்ட கேக்க ஒண்ணுமில்ல,” என்று சொல்லிவிட்டு நடந்துவிட்டாய்.

அதற்குப் பிறகு ரப்பர்ப் பால்மரங்களை வெட்டி எண்ணெய்ச் செம்பனை போட்டார்கள், லயங்கள் காலியாகின. கோயிலையும் தூக்கிக்கொண்டு எல்லோரும் ஆயர் குரோ பக்கத்துக் குடியிருப்புக்கு, இந்தத் தாமானுக்கு, வந்தோம். நீ தொழிற்சாலையில் வேலை பார்த்து உன் பெயரிலேயே வீடு வாங்கினாய். ரத ஊர்வலம் நின்றுபோனதால் நமக்குள் அந்தப் பேச்சும் நின்றுபோனது. ஒரே ஒரு முறை வந்தது, நினைவிருக்கிறதா? உன் பக்கத்து வீட்டு மலாய் அம்மா, அந்த மக்சிக், அலோர் காஜா பக்கத்துக்காரர், நான் பழைய நினைப்பில் அந்தச் சொல்லைச் சொல்லிச் சிரித்ததைப் பார்த்து என்ன சிரிப்பு என்று கேட்டார்; நான் அசட்டுத்தனமாக அந்தச் சொல்லை மலாயில் விளக்கினேன். அவருக்குச் சிரிப்பே வரவில்லை. தங்கள் வழக்கத்தில் பூர்வீக வீடும் நிலமும் அம்மாவிடமிருந்து மகளுக்குத்தான் போகும், இதில் வேடிக்கை என்ன என்று கேட்டார். நீ துணி உலர்த்திக்கொண்டே என் முகத்தைப் பார்த்தாய். நான் மீன் வாங்க நேரமாகிவிட்டது என்று கிளம்பிவிட்டேன்.

நீ ஆஸ்பத்திரியில் கிடந்த கடைசி வாரம் தினமும் வந்தேன். ஆரஞ்சு உரித்துக் கொடுத்தேன். மன்னிப்பு என்ற சொல் மட்டும் வாயில் வரவில்லை. வாயாடி என்று பெயரெடுத்தவன் நான்!

புதன்கிழமைக்கு வருகிறேன். கோமதி என்னை அந்தக் குழுவில் சேர்த்ததற்குக் காரணம் இருந்தது. கோயிலில் மறுபடியும் ரதம் விடுகிறார்கள், இந்த முறை லாரியில். வீட்டுக்கு வீடு எழுதித் தர ஒரு பாரம், படிவம்தான், கொடுத்திருக்கிறார்கள். குடும்பத் தலைவர் பெயர் என்ற இடத்தில் கோமதி தன் பெயரை எழுதிக் கொடுத்திருக்கிறாள். அதன் படத்தை எனக்கு அனுப்பியிருந்தாள்.

சாயங்காலம் கோயில் செயலாளர் தினேஷ் கூப்பிட்டான். முப்பது வயதுப் பையன், மரியாதையானவன். “அங்கிள், உங்க அக்கா வீட்டுக்கு உங்க பேரைப் போட்டுடவா? ஆம்பள பேரு இல்லாம பெரியவங்க ஒத்துக்க மாட்டாங்க லா,” என்றான். பிறகு சிரித்துக்கொண்டே, அந்த வீட்டில் எப்போதுமே அல்லிராஜ்யம்தானே என்றான். தோட்டத்தையே பார்க்காத பையன். அந்தச் சொல் யாரிடமிருந்து யாருக்குப் போய் இவனிடம் வந்து சேர்ந்ததோ! எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. அவனைத் திட்டுவதற்கு எனக்கு என்ன யோக்கியதை இருக்கிறது?

வெள்ளிக்கிழமை கூட்டத்துக்குப் போனேன். எழுந்து நின்று, “அந்த வீட்டுக்கு அந்தப் பேர வச்சவன் நான். லிஸ்டுல எழுதுனவன் நான். நிறுத்தாம ஓட்டுனவனும் நான். என் பேரு வேணாம், கோமதின்னு போடுங்க,” என்றேன். யாரும் சிரிக்கவில்லை. இனிமேல் எல்லாப் பெண்களும் பெயர் கேட்பார்கள் என்று ஒரு பெரியவர் முணுமுணுத்தார். கேட்டால் என்ன என்று பின்னாலிருந்து ஒரு பெண் குரல் வந்தது. இப்போதைய தலைவர் யோசித்துச் சொல்கிறோம் என்று கூட்டத்தை முடித்துவிட்டார்.

நேற்று சனிக்கிழமை, ரதத்தன்று மத்தியானம்வரை பதில் இல்லை. தினேஷ் போனை எடுக்கவில்லை. கோமதி வாசலில் கோலம் போட்டுக்கொண்டிருந்தாள். வேண்டாம் அம்மா, நிற்காவிட்டால் தாமான் முழுக்கப் பார்க்கும் என்று கெஞ்சினேன். அவள் தலை நிமிராமல், “அது நிக்குதோ இல்லையோ, நான் நிப்பேன் மாமா,” என்றாள். எனக்கு அழுகை வந்துவிட்டது. பின்கட்டுக்குப் போய் முகம் கழுவினேன்.

லாரி தெருவுக்குள் திரும்பியது. பக்கத்து வீட்டில் நின்றது, கிளம்பியது. அதன் முன்சக்கரம் நம் கேட்டைத் தாண்டிவிட்டது. அவ்வளவுதான் என்று கண்ணை மூடிக்கொண்டேன். பிரேக் சத்தம் கேட்டது. தினேஷ் மைக்கில், “கோமதி வீடு,” என்றான். வேறொன்றும் சொல்லவில்லை. அச்சடித்த பட்டியலின் அடியில் அவள் பெயரைப் பேனாவால் எழுதியிருந்ததை அவன் கையில் பார்த்தேன்.

பூசாரி தட்டை வாங்கினார். தேங்காய் உடைந்தது, மணி அடித்தது, கோமதி கண்ணை மூடிக் கும்பிட்டாள். எல்லாம் நல்லபடியாக முடிந்தது என்றுதான் நானும் நினைத்தேன். தட்டைத் திருப்பித் தரும்போது பூசாரி கோமதியைத் தாண்டிப் பார்த்து, “ஆம்பள யாரும் இல்லியா? வந்து வாங்கிக்குங்க,” என்றார்.

என் கை நீண்டுவிட்டது, அக்கா. கூட்டத்தில் அத்தனை பேசியவனின் கை, என்னைக் கேட்காமலே நீண்டுவிட்டது. கோமதி என் முகத்தைப் பார்க்கவில்லை, அந்தக் கையைத்தான் பார்த்தாள்.

கையை இழுத்து முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டேன். “நான் விருந்தாளி, பூசாரி. வீட்டுக்காரங்ககிட்ட குடுங்க,” என்றேன். அவர் கோமதியிடம் கொடுத்தார்.

என்னை மன்னித்துவிடு. கோமதி அடுத்த வாரமும் சாப்பிட வரச் சொல்லியிருக்கிறாள். இந்தக் கையோடுதான் வர வேண்டும்.